நிலாநூலி: நிலவொளி குடிக்கும் கற்பனைச் சிலந்தியைச் சுவரில் ஏற்றிய செய்முறை

நிலாநூலி எந்தக் காட்டிலும் கிடையாது. ஒரு கற்பனை உலகத்துக்காக உருவாக்கிய சிலந்தி இனம் அது. இரவில் வட்டவலை பின்னும். கண் வழியாக நிலவொளியைக் குடிக்கும். குடித்த ஒளியை வயிற்றில் தேக்கி, நூலாக வெளியே விடும். அதன் மாயம் இவ்வளவுதான்.

மாயச் சிலந்தி செய்ய உட்காருபவர்கள் பெரும்பாலும் கால், முதுகு, பல் என்று எல்லா இடத்திலும் விளக்கை வைத்துவிடுகிறார்கள். கடைசியில் அது சிலந்தியாகத் தெரிவதில்லை, சீரியல் லைட் சுற்றிய பொம்மையாகத்தான் தெரிகிறது. இந்தச் செய்முறை ஒரே ஒரு விதியைப் பிடித்துக்கொண்டு போகிறது: கண், வயிறு, நூல் என்ற ஒரே பாதையில் மட்டும் மாயம். மற்ற எல்லாம் அசல் சிலந்தியின் உடற்கூறு, அதில் விட்டுக்கொடுப்பு இல்லை. உடல் நம்பும்படி இருந்தால்தான் ஒளியையும் கண் நம்பும்.

அளவு: முன்னுடல் (தலையும் மார்பும் சேர்ந்த பகுதி) 13 செ.மீ. நீளம், 10 செ.மீ. அகலம். வயிறு 22 செ.மீ. நீளம், 17 செ.மீ. அகலம். வலையின் வட்டம் 120 செ.மீ. விட்டம். சிலந்தி வலையின் நடுவில் தலைகீழாக உட்கார்ந்திருக்கும். வட்டவலை பின்னும் சிலந்திகள் பலவும் அப்படித்தான் தலையைக் கீழே வைத்துக் காத்திருக்கும். இந்த நிலை நமக்கும் வசதி. முதுகு முழுக்கப் பார்ப்பவர் பக்கம் வரும், ஒயர் எல்லாம் வயிற்றுப் பக்கம் ஒளிந்துகொள்ளும்.

எலும்புக்கூடு

எட்டுக் காலும் முன்னுடலிலிருந்துதான் புறப்படும், வயிற்றிலிருந்து ஒன்றுகூடக் கிடையாது. வயிற்றில் கால் வைப்பதுதான் அதிகம் நடக்கும் தவறு. 6 மி.மீ. பிளைவுட்டில் 12 × 9 செ.மீ. முட்டை வடிவத் தட்டு ஒன்று வெட்டிக்கொள்ளுங்கள். காலுக்கு 12 கேஜ் ஜி.ஐ. கம்பி, அதாவது 2.6 மி.மீ. தடிமன். அலுமினியக் கம்பி வளைக்கச் சுகமாக இருக்கும், ஆனால் காகிதமும் பசையும் ஏறியதும் மெல்லத் தொங்கிவிடும்.

இடது கால், வலது கால் இரண்டையும் ஒரே கம்பியில் எடுக்க வேண்டும். தனித்தனியாக வெட்டி ஒட்டினால் ஒவ்வொரு காலும் ஆட ஆட ஒட்டு விட்டுவிடும். கால் நீளம்: முதல் ஜோடி 50 செ.மீ., இரண்டாவது 46, மூன்றாவது 30, நான்காவது 43. வட்டவலைச் சிலந்திகளில் முதல் கால்தான் நீளம், மூன்றாவதுதான் குட்டை. எட்டையும் ஒரே நீளத்தில் வெட்டினால் நண்டு மாதிரி ஆகிவிடும். தட்டைக் கடக்கவும் முனை மடிக்கவும் ஜோடிக்கு 12 செ.மீ. கூட்டிக்கொண்டால் கம்பிகள் முறையே 112, 104, 72, 98 செ.மீ. மொத்தம் 386 செ.மீ., 4 மீட்டர் வாங்கினால் போதும். தட்டில் ஜோடி ஜோடியாகத் துளையிட்டு, கட்டுக்கம்பியால் இறுக்கி முறுக்கி, மேலே எம்-சீல் (இரண்டு பாகமாக வரும் எபாக்சி மாவு) பிசைந்து அப்புங்கள். இரண்டு பாகமும் ஒரே நிறமாகும்வரை பிசைய வேண்டும். கோடு கோடாக இருக்கும்போதே அப்பினால் நடுவில் இறுகாமல் பிசுபிசுப்பாகவே நின்றுவிடும்.

ஒரு காலில் ஏழு துண்டுகள் உண்டு. முதல் காலுக்கு, உடலிலிருந்து நுனி நோக்கி: இடுப்புக்கணு 3 செ.மீ., குட்டைக்கணு 1.5, தொடை 15, முழங்கணு 5, கீழ்க்கால் 11, முன்பாதம் 10, நுனிப்பாதம் 4.5. மற்ற கால்களுக்கு இதையே 0.92, 0.6, 0.86 ஆல் பெருக்கிக்கொள்ளுங்கள். முழங்கணு குட்டையாக இருப்பதுதான் சிலந்திக் காலின் முத்திரை. மனிதக் கால் மாதிரி ஒரே முட்டி போட்டு வளைத்தால் என்ன பெயின்ட் அடித்தாலும் அது சிலந்தியாகாது. கம்பியை முழங்கணுவின் இரண்டு முனையிலும் வளைக்க வேண்டும்: தொடை மேலே ஏறி, முழங்கணுவில் திரும்பி, கீழ்க்கால் வெளிப்பக்கம் இறங்கி, முன்பாதத்தில் இன்னொரு சிறு வளைவோடு நுனி வலையைத் தொடும்.

வளைவு எவ்வளவு என்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது. தொடைக்கும் முழங்கணுவுக்கும் நடுவிலும், கீழ்க்காலுக்கும் முன்பாதத்துக்கும் நடுவிலும் காலை நீட்டும் தசை சிலந்திக்குக் கிடையாது. உடல் திரவத்தின் அழுத்தத்தால்தான் அந்த மூட்டுகளை நீட்டுகிறது. செத்ததும் அழுத்தம் போய்விடும், மடக்கும் தசை மட்டும் மிஞ்சும், கால்கள் உள்ளே சுருண்டுவிடும். ஆகவே நுனிகள் உடலுக்கு அடியில் குவிந்தால் பார்ப்பவருக்குக் காரணம் தெரியாமலே செத்த சிலந்தி என்று தோன்றும். முதல் இரண்டு ஜோடி முன்பக்கம், அதாவது கீழ்நோக்கி விரிய வேண்டும். நான்காவது பின்னால், மேல்நோக்கி. மூன்றாவது உடலை ஒட்டிய நூல்களைப் பிடித்திருக்கும்.

கால் சதை

செய்தித்தாளை 4 செ.மீ. பட்டையாகக் கிழித்து (கத்தரித்த விளிம்பு வரி தெரியும், கிழித்தது கரைந்துவிடும்) கம்பியில் சுற்றி, மாஸ்கிங் டேப்பால் இறுக்குங்கள். தொடை நடுவில் 3 செ.மீ. தடிமன், கீழ்க்கால் 2, நுனிப்பாதம் 0.8. ஒவ்வொரு மூட்டிலும் 4 மி.மீ. இடைவெளி விட்டு, அங்கே டேப் மட்டும் ஒரே சுற்று. இந்தப் பள்ளம் சிறியதுதான், ஆனால் உயிர் இங்கேதான் இருக்கிறது. அசல் காலில் துண்டுகள் கெட்டியான ஓடு, மூட்டு மட்டும் மெல்லிய தோல். பின்னால் பெயின்ட் அடிக்கும்போது பள்ளத்தில் வெளிறிய பழுப்பும் துண்டுகளில் கறுப்பும் கொடுத்தால், அந்தக் கால் எந்த நொடியும் எழுந்து அடுத்த நூலைப் பற்றும் போலிருக்கும்.

மேலே ஃபெவிகால் 3 பங்கு, தண்ணீர் 1 பங்கு கலந்து டிஷ்யூ பேப்பர் இரண்டு அடுக்கு. மைதாப் பசை வேண்டாம், கரப்பான் பூச்சியும் வெள்ளிமீன் பூச்சியும் தேடி வந்து தின்னும்.

மயிருக்குத் தென்னை நார். 1.5 செ.மீ. துண்டாக நறுக்கி, ஊசியால் சாய்வாகக் குத்திய துளையில் ஃபெவிகால் தொட்டுச் செருகுங்கள். காலுக்கு 40 வரை போதும். எல்லாம் நுனியை நோக்கிச் சாய்ந்திருக்க வேண்டும். திசை மாறிய நார் ஒன்றிரண்டு இருந்தாலும் துடைப்பம் மாதிரி தெரியும். நுனியில் மூன்று நகம்: வலை பின்னும் சிலந்திக்கு மூன்று, நடுவில் உள்ளது சிறியது, நூலைப் பிடிக்க அதுதான் உதவும். ஓடி வேட்டையாடும் சிலந்திகள் பலவற்றுக்கு இரண்டே நகமும் அடியில் மயிர்க்கற்றையும் இருக்கும். நம்முடையது வலைக்காரி, கற்றை வேண்டாம்.

வயிறு

அதிகம் கெடுவது இதுதான். வெளிச்சம் ஊடுருவ வேண்டும், ஆனால் உள்ளே இருக்கும் எல்.ஈ.டி. புள்ளி புள்ளியாகத் தெரியக் கூடாது.

பலூனை 22 செ.மீ. நீளத்துக்கு ஊதி, மேலே தேங்காய் எண்ணெயை விரலால் மெல்லியதாகத் தடவுங்கள். வெள்ளை டிஷ்யூ பேப்பரைக் கிழித்து, அதே 3:1 ஃபெவிகாலில் ஆறு அடுக்கு, நாளுக்கு இரண்டாக மூன்று நாள். பிரஷ்ஷால் தேய்த்தால் ஈரக் காகிதம் கிழியும், ஒற்றி ஒற்றித்தான் வைக்க வேண்டும். காய வைப்பது நிழலில், ஃபேனுக்கு அடியில். வெயிலில் வைத்தால் உள்ளே காற்று விரிந்து பலூன் பருக்கும், பாதி காய்ந்த ஓடு நெடுக விரிசல் விடும். விரிசலை ஒட்டுப்போட்டு மறைக்க முடியாது. உள்ளே விளக்கு எரிந்ததும் அந்த இடம் மட்டும் கறுப்புக் கோடாகத் தெரியும். விரிசல் விட்ட ஓட்டைத் தூக்கிப் போட்டுவிட்டுப் புதிதாகத் தொடங்குவதே வழி.

மூன்றாம் நாள் முடிந்ததும் பலூனைப் படாரென்று உடைக்காதீர்கள். எங்காவது ஒட்டியிருந்தால் ஓட்டையும் உள்ளே இழுத்து நசுக்கிவிடும். முடிச்சுக்குப் பக்கத்தில் சிறு டேப் ஒட்டி, டேப்பின் மேல் குண்டூசியால் குத்தினால் காற்று மெதுவாக இறங்கும். பலூன் தானாக உரிந்து வரும்.

முன்னுடலையும் வயிற்றையும் இணைக்கும் இடுப்பு அசல் சிலந்தியில் மெலிந்த காம்பு. இங்கே அதற்கு அரை அங்குல சி.பி.வி.சி. குழாய், வெளி விட்டம் 16 மி.மீ., நீளம் 22 செ.மீ. அதில் 5 செ.மீ. முன்னுடலுக்குள், 2 செ.மீ. வெளியே தெரியும், 15 செ.மீ. வயிற்றுக்குள். ஒயர் குழாய்க்குள் போகும், விளக்குப் பட்டை குழாய்மேல் உட்காரும்.

விளக்கு: டபிள்யூ.எஸ். 2812பி வகை (ஒவ்வொரு எல்.ஈ.டி.யின் நிறத்தையும் தரவு ஒயர் வழியாகத் தனித்தனியே மாற்றலாம்), 5 வோல்ட், மீட்டருக்கு 30 எல்.ஈ.டி. உள்ள பட்டை. நான்கு நான்காக மூன்று துண்டு வெட்டினால் ஒவ்வொன்றும் 13 செ.மீ. சொச்சம். குழாயைச் சுற்றி மூன்று பக்கமும் சம இடைவெளியில் நெடுக்காக ஒட்டுங்கள். பட்டையைக் குழாய்மேல் சுருளாகச் சுற்ற வேண்டாம், அவ்வளவு சிறிய வளைவில் பற்றவைப்பு விட்டுவிடும். பட்டையில் அச்சிட்ட அம்புக்குறியைப் பாருங்கள். முதல் துண்டின் முடிவிலிருந்து தரவு ஒயர் திரும்ப மேலே வந்து இரண்டாம் துண்டின் தொடக்கத்தில் சேர வேண்டும். அம்பு மாறினால் அந்தத் துண்டும் அதற்குப் பிந்தியதும் இருட்டாகவே கிடக்கும், 5 வோல்ட், கிரவுண்ட் ஒயர்கள் மாறாதவரை எதுவும் எரிந்துபோகாது, திருப்பி வைத்தால் போதும். கடைசியாக, பொருள் பொதிய வரும் மெல்லிய வெள்ளை ஃபோம் தாளை இரண்டு சுற்று. ஓட்டுக்கும் விளக்குக்கும் நடுவில் 6 செ.மீ. இடைவெளி இருந்தால் புள்ளி கரைந்து முழு வயிறும் பால் போல ஒளிரும். காம்பைச் சுற்றிக் கறுப்பு டேப் உள்பக்கமாக ஒட்ட மறக்காதீர்கள், இல்லாவிட்டால் ஒளி முன்னுடலுக்குள் கசிந்து பாதையின் ஒழுங்கு கெடும்.

மூச்சு

வயிற்று ஒளியை மூச்சு விடுவது போல ஏற்றி இறக்க, அர்டுயினோ நானோ என்ற புரோகிராம் எழுதக்கூடிய சிறு மின்னணுப் பலகை ஒன்று போதும். தரவு ஒயரில் முதல் எல்.ஈ.டி.க்குப் பக்கத்தில் 330 ஓம் ரெசிஸ்டர், 5 வோல்ட் வழியில் 1000 மைக்ரோஃபாரட் கெபாசிட்டர். நிலவின் நிறத்துக்கு உச்ச அளவு சிவப்பு 20, பச்சை 60, நீலம் 90 (255க்கு). ஒரு எல்.ஈ.டி. முழு வெள்ளையில் 60 மில்லி ஆம்பியர் வரை இழுக்கும். இந்த நிறத்தில் 14 அளவுதான், பன்னிரண்டுக்கும் சேர்த்து 170. கூட்டினால் நிலவு போய் டியூப்லைட் வந்துவிடும்.

மூச்சுக்கு 7 விநாடி, ஏறி இறங்க. ஒளியின் அளவெண்ணை நேர்கோட்டில் ஏற்றினால் கண்ணுக்குத் தொடக்கத்தில் குதிப்பதாகவும் பிறகு நின்றுவிட்டதாகவும் தெரியும். ஏற்ற மதிப்பை அதனாலேயே பெருக்கி 255ஆல் வகுத்துக் கொடுங்கள். குறைந்தபட்சம் உச்சத்தின் 15 விழுக்காட்டில் நிறுத்துங்கள். அதற்குக் கீழே போனால் முழு எண்ணாக வெட்டும்போது சிவப்பு முதலில் பூஜ்யமாகி, மூச்சு விடும் ஒவ்வொரு முறையும் நிறம் மாறும்.

முகத்தின் முன்னால் இருக்கும் இரண்டு உணர்கால்களை ஒரே கம்பியில் இணைத்து, எஸ்.ஜி.90 சர்வோ (சொன்ன கோணத்துக்குத் திரும்பும் சிறு மோட்டார்) ஒன்றால் 15 டிகிரி மட்டும் அசைக்கலாம். 20 முதல் 40 விநாடிக்கு ஒருமுறை, ஒழுங்கில்லாத இடைவெளியில். விளக்குக்குத் தரவு அனுப்பும் கணத்தில் நானோ மற்ற வேலைகளை நிறுத்திவைக்கும், அதனால் சர்வோ நடுங்கும். சர்வோ நகரும் அரை விநாடிக்கு விளக்கைப் புதுப்பிக்காமல் விட்டு, நகர்ந்து முடிந்ததும் சர்வோவின் சிக்னலைத் துண்டித்துவிட்டால் நடுக்கம் நின்றுவிடும்.

நூல்

வட்டச் சட்டத்துக்கு 20 மி.மீ. பி.வி.சி. ஒயரிங் குழாய், 3 மீட்டர் நீளத்தில் இரண்டு வாங்கி 3.8 மீட்டருக்கு வெட்டி இணைக்கவும். இணைப்பில் வட்டம் முட்டையாகப் பிதுங்கும், உள்ளே 30 செ.மீ. பிரம்புத் துண்டைச் செருகினால் சரியாகும். பின்னால் 12 மி.மீ. பிளைவுட்டில் 5 செ.மீ. அகலப் பட்டை இரண்டைக் கூட்டல் குறி போல வைத்து, நடுவில் ஒரு பெட்டி. சிலந்தியின் தட்டு இரண்டு 6 மி.மீ. போல்ட்டில் இந்தப் பெட்டியோடு நிற்கும். எடை முழுக்க போல்ட்டில்தான், கால்கள் வலையைத் தொட்டால் போதும்.

ஒளிரும் நூலுக்கு 0.75 மி.மீ. பிளாஸ்டிக் ஒளியிழை 24. இதில் 20 இழை வலையின் ஆரங்கள், 4 இழை வயிற்றின் பின்முனையிலுள்ள நூற்பிகள் வழியாக வெளிவரும். சிலந்தி வாயிலிருந்து நூல் விடாது. வயிற்றின் கடைக்கோடியில் மூன்று ஜோடிச் சிறு கூம்புகள், அவைதான் நூற்பிகள். பெட்டிக்குள் 1 வாட் வெள்ளை எல்.ஈ.டி., 12 ஓம் 1 வாட் ரெசிஸ்டர், சுமார் 150 மில்லி ஆம்பியர்.

ஒளியிழை நுனியில்தான் ஒளிரும். பக்கவாட்டில் ஒளிர வைக்க 220 நம்பர் உப்புத்தாளை மடித்து இழையை நடுவில் வைத்து இழுக்க வேண்டும். எல்லா இடத்திலும் ஒரே மாதிரி இழுத்தால் ஒளி முதல் 15 செ.மீ.யிலேயே கசிந்து தீர்ந்துவிடும், நுனி செத்துக் கிடக்கும். பெட்டிக்குப் பக்கத்தில் ஒரே இழுப்பு, நடுவில் மூன்று, வெளி முனையில் ஆறேழு. விளக்கை எரியவிட்டு, இருட்டில் பார்த்துக்கொண்டே இழுத்தால் கை தானாகவே அளவு பிடித்துக்கொள்ளும். இழைக் கட்டைச் சுருங்கு குழாயில் போட்டுச் சூடு காட்டாதீர்கள், இழையே உருகும். கறுப்பு டேப் போதும். ஹாட் குளூவும் அப்படித்தான். சூப்பர் குளூ, ஸ்பிரிட் இரண்டும் வளைந்த இழையில் பொடிப்பொடியாக வெடிப்பு உண்டாக்கும். இழையை விறைப்பாக இழுத்துக் கட்டவும் கூடாது. கறுப்பு நைலான் கயிற்றை ஆரமாக இழுத்துக் கட்டிவிட்டு, இழையை அதன்மேல் படுக்க வைத்து, 10 செ.மீ.க்கு ஒரு கட்டு.

சுருள் நூலுக்கு 0.4 மி.மீ. தூண்டில் நரம்பு. அசல் வட்டவலையில் ஆரம் ஒட்டாது, சுருள்தான் ஒட்டும். அதில் பசைத் துளிகள் மணி மணியாக நிற்கும். ஒட்டும் சுருளை வெளியிலிருந்து உள்நோக்கித்தான் சிலந்தி போடும், நாமும் அப்படியே போடலாம். மையத்திலிருந்து 56 செ.மீ.யில் தொடங்கி 18 செ.மீ.யில் நிறுத்துங்கள். நடுப்பகுதிக்கும் சுருளுக்கும் இடையே வெற்றிடம் விடுவது அசல் வழக்கம். 3 செ.மீ. இடைவெளியில் 13 சுற்று, 30 மீட்டர் செலவாகும், 50 மீட்டர் வாங்குங்கள். ஆரத்தைக் கடக்கும் 260 இடத்திலும் பல்குச்சியால் ஒரு பொட்டு சிலிக்கான் பசை, வினிகர் வாடை அடிக்காத வகை.

அந்தப் பசைத் துளிகளை இருட்டில் ஒளிரும் ஸ்ட்ரான்ஷியம் அலுமினேட் பொடியால் செய்யலாம். இரண்டு பாக எபாக்சி 2 பங்கு, பொடி 1 பங்கு எடையில். தண்ணீர் கலந்த பசையில் போட்டால் பொடி நாளடைவில் கெடும். கட்டியை நசுக்கி அரைத்தால் ஒளி மங்கும். பொடி கனமானது, அடியில் தங்கும், ஒவ்வொரு துளிக்கும் முன்னால் கிளற வேண்டும். கலக்கும்போது முகக்கவசம் அவசியம்.

மின்சாரத்துக்கு 10000 மில்லி ஆம்பியர்-மணி பவர் பேங்க். வயிறு, நூல், நானோ எல்லாம் சேர்த்து உச்சத்தில் 350 மில்லி ஆம்பியர், கணக்குப்படி 15 மணி நேரத்துக்கு மேல் தாங்கும். பல பவர் பேங்குகள் இழுப்பு மிகக் குறைந்தால் 'சார்ஜ் முடிந்தது' என்று எண்ணி அணைந்துவிடும். வயிற்று விளக்கை மட்டும் தனியாகச் சோதிக்கும்போது மூச்சு இறங்கும் இடத்தில் எல்லாம் அணைந்தால் பழுதைப் புரோகிராமில் தேடாதீர்கள். நூல் விளக்கையும் சேர்த்து இணைத்தால் அதன் நிலையான 150 மில்லி ஆம்பியர் அதை விழித்திருக்க வைக்கும்.

நிறம், கண்

முழு உடலுக்கும் கறுப்பு அக்ரிலிக். வயிற்றில் மட்டும் ஓரங்களிலும் நரம்புக் கோடுகளிலும். முன்னுடலில் நீலம் வேண்டுமானால் நீலப் பெயின்ட் அடிக்காதீர்கள், தட்டையாகிவிடும். ஆந்திரத்தின் குத்தி ஊரில் கிடைத்து 1899இல் விவரிக்கப்பட்ட பீசிலோதீரியா மெட்டாலிகா என்ற நீலச் சிலந்தியின் நிறம் சாயத்தால் வருவதல்ல, மயிரின் நுண்ணமைப்பில் ஒளி சிதறுவதால் வருவது. அதே விளைவுக்குக் கறுப்பின் மேல் நீல இன்டர்ஃபெரன்ஸ் மைக்காப் பொடியை (சாயத்தால் அல்லாமல் ஒளியால் நிறம் காட்டும் பொடி) வார்னிஷில் கலந்து பூசுங்கள். வெள்ளையின் மேல் பூசினால் நீலம் காணாமல் போய்விடும்.

கண் எட்டு, நான்கு நான்காக இரண்டு வரிசை. நடு நான்கும் சதுரம்போல, ஓரத்து ஜோடிகள் விளிம்பில் நெருக்கமாக. நகை செய்யும் பொருள் கடையில் கிடைக்கும் அடி தட்டையான கண்ணாடி அரைக்கோளம், 12 மி.மீ. இரண்டு, 8 மி.மீ. ஆறு. பெரிய இரண்டும் முன்வரிசையின் நடுவில், அடியில் கறுப்பு. மற்ற ஆறின் அடியில் வாகனங்களில் ஒட்டும் மேல்பரப்பு வழவழப்பான ஒளிதிருப்பும் ஸ்டிக்கர். இது கற்பனைக்காகச் சேர்த்த வேறுபாடு அல்ல. சிலந்திகளின் முன்நடுக் கண்களில் ஒளியைத் திருப்பும் படலம் கிடையாது, பல இனங்களில் மற்றக் கண்களில்தான் உண்டு. துணி மாதிரியான வெள்ளி நிற ஒளிதிருப்பி வேண்டாம், அதன் கண்ணாடி மணிகள் பசையில் நனைந்ததும் ஒளி செத்துவிடும். ஒட்ட நிறமற்ற எபாக்சி. சூப்பர் குளூவின் ஆவி கண்ணாடியில் வெள்ளைப் படலம் போடும்.

சட்டத்தின் மையம் தரையிலிருந்து 170 செ.மீ. உயரத்தில் வரும்படி மாட்டுங்கள், முகம் பார்ப்பவர் கண்மட்டத்தில் நிற்கும். ஒளிர் துளிகளை வெள்ளை எல்.ஈ.டி. பல்பால் பத்து நிமிடம் ஊட்டிவிட்டு அறை விளக்கை அணையுங்கள். கண்களைச் சோதிக்க டார்ச்சைக் கன்னத்தோடு சேர்த்துப் பிடிக்க வேண்டும். ஒளி வந்த வழியே திரும்புவதால், டார்ச் வைத்திருப்பவருக்கு மட்டும் ஆறு கண்ணும் பற்றி எரியும். பக்கத்தில் நிற்பவருக்கு இருட்டான முகம்தான் தெரியும்.